கிராண்டில் யார் பெயர்?

நான் சிவில் எஞ்சினியர். என் மேசைக்கு வரும் கிராண்ட் நகல்களின் தலையில் ஹெச்.எஸ்.டி., ஹெச்.எஸ்.எம்., ஜி.எம். என்று சில எழுத்துகள் இருக்கும். பல்கலைக்கழகத்தில் யாரும் அவற்றை விளக்கியதில்லை. தேடிப் படிக்கப்போய், நம் நாட்டில் ‘சொந்தம்’ என்ற சொல்லே எப்படி மாறியது என்பதில் போய் நின்றேன்.

பிரிட்டிஷார் வருவதற்கு முன் மலாய்க் கிராமத்தில் நிலத்துக்குப் பேப்பர் கிடையாது. ‘தானா ஹிடுப்’, ‘தானா மாத்தி’ என்ற இரண்டு வார்த்தைகள் போதும்: உயிருள்ள நிலம், செத்த நிலம். காட்டை வெட்டி நட்டவனுக்குத்தான் அந்த இடம். அவன் வைத்த பழமரம் நிற்கும்வரை நிலத்துக்கு உயிர் உண்டு. விட்டுவிட்டுப் போய்க் காடு மண்டினால் அது செத்துவிட்டது, அடுத்தவன் வெட்டலாம். தகராறு வந்தால் மரங்களும் அக்கம்பக்கத்தாரும்தான் சாட்சி.

வில்லியம் மேக்ஸ்வெல் என்ற அதிகாரி இந்த வழக்கங்களைத் தொகுத்து 1884இல் நீண்ட கட்டுரை எழுதினார். இத்தனை கவனமாக எழுதிவைத்த அதே ஆள்தான் அவற்றுக்கு முடிவும் கட்டினார் என்பது எனக்கு இன்னும் ஆச்சரியம். அவர் கொண்டுவந்தது ராபர்ட் டோரன்ஸ் 1858இல் தென் ஆஸ்திரேலியாவில் சட்டமாக்கிய முறை. பழைய ஆங்கிலேய வழக்கப்படி நிலம் வாங்குகிறவர் விற்பவரின் பத்திரத்தை, அவருக்கு விற்றவரின் பத்திரத்தை என்று பின்னோக்கித் தோண்டிக்கொண்டே போக வேண்டும். நடுவில் ஒன்று பொய்யென்றால் எல்லாம் போச்சு. டோரன்ஸ் முறையில் அந்தத் தொல்லை இல்லை. அரசாங்கப் பதிவேட்டில் யார் பெயரோ, அவரே சொந்தக்காரர். மேக்ஸ்வெல் ரெசிடெண்டாக இருந்தபோது, 1891இல், சிலாங்கூரில் இது சட்டமானது.

ஒரே புத்தகம் என்பது பேச்சுக்குத்தான். பெரிய நிலங்களுக்கு ஒரு பதிவேடு, கிராமத்துச் சிறு நிலங்களுக்கு முக்கிம் பதிவேடு. பினாங்கும் மலாக்காவும் 1965 முடியும்வரை பத்திர முறையிலேயே ஓடின. அளந்து முடிக்காத நிலத்துக்குக் கொடுப்பது ஹெச்.எஸ். என்ற தற்காலிக கிராண்ட். அதில் பெயர் உறுதி, எல்லை உறுதி இல்லை. அளந்த பிறகுதான் ஜி.எம். மாதிரி நிரந்தர கிராண்ட் வரும்.

பெயரே பொய்யாக இருந்தால்? தேசிய நிலச் சட்டத்தின் 340ஆம் பிரிவு, போலிக் கையெழுத்தால் வந்த உரிமை செல்லாது என்கிறது. கூடவே, நேர்மையாக விலை கொடுத்து வாங்கியவருக்கு ஒரு விலக்கும் தருகிறது. பினாங்கில் ஒரு தாய்லாந்துப் பெண்மணியின் நிலத்தை, ‘நான்தான் அவர்’ என்று சொல்லி யாரோ விற்றுவிட்டார்கள். 2000இல் கூட்டரசு நீதிமன்றம் அந்த விலக்கைக் காட்டி, வாங்கிய நிறுவனத்துக்கே நிலம் என்றது. தூங்கி எழுந்தால் வேறொருவர் பெயருக்கு நிலம் மாறியிருக்கலாம், கேட்கவும் வழியில்லை. என்னைப் பொறுத்தவரை அது சட்டத்தை வாசிக்கத் தெரியாத தீர்ப்பு. விலக்கு இருப்பது மூன்றாம் உட்பிரிவில். போலி ஆவணத்தை வைத்து நேரடியாக வாங்கியவருக்குப் பிறகு வரும் ஆளுக்குத்தான் அது பொருந்தும்.

இதைச் சொல்ல நீதிமன்றத்துக்குப் பத்து வருஷம் ஆனது. பகாங்கில் ஒருவருடைய நிலம் அவர் கையெழுத்தே போடாத பவர் பத்திரத்தை வைத்து வங்கியில் அடகு போயிருந்தது. 2010இல் அந்த வழக்கில் ஐந்து நீதிபதிகளும் சேர்ந்து பழைய தீர்ப்பு தவறு என்றார்கள்.

அடுத்துள்ள 341ஆம் பிரிவைப் பற்றி அவ்வளவாக யாரும் பேசுவதில்லை. ஒரு நிலத்தில் எத்தனை காலம் குடியிருந்தாலும் பதிவேட்டில் இருப்பவரின் உரிமை போகாது என்கிறது அது. உயிருள்ள நிலம் என்ற வழக்கத்துக்கு நேர் எதிர். காட்டை வெட்டி ரப்பர் நட்ட நம் ஆட்களின் கை இதில் கணக்கில் வராது. தோட்டம் விற்கப்படும்போது அங்கே அவர்கள் கட்டிய கோயிலுக்கு எத்தனை வயது என்று சட்டம் கேட்பதில்லை. பல தோட்டக் கோயில்களுக்குத் தனி லாட் எண்கூடக் கிடையாது.