ஆர்டர் கொடுத்து அச்சடித்த அபூர்வம்

நிக்கோலஸ் சீபெக் நியூயார்க்கில் அச்சுக்கூடமும் நடத்தினார், தபால்தலை வியாபாரமும் செய்தார். 1890களில் எல் சால்வடார், ஹோண்டுராஸ், நிகராகுவா, எக்குவடார் ஆகிய நாடுகளோடு ஹாமில்டன் பேங்க் நோட் கம்பெனியின் பெயரில் அவர் வைத்துக்கொண்ட ஏற்பாடு எளிமையானது. அந்த நாடுகளுக்கு வேண்டிய தபால்தலைகளைக் காசு வாங்காமல் அச்சடித்துத் தருவார். அதற்குப் பதிலாக ஆண்டுதோறும் புது வரிசை வெளியாக வேண்டும். ஆண்டு முடிந்ததும் பழைய வரிசை செல்லாது என்று அறிவித்துவிட வேண்டும். விற்காமல் தேங்கியதெல்லாம் அவருக்குச் சேரும், தேவைப்பட்டால் மறுபடி அச்சடித்துக்கொள்ளும் உரிமையும் அவருக்கே. கஜானா வற்றிக்கிடந்த அரசுகளுக்கு இது வலிக்காத பேரம். ஆல்பத்தில் ஓர் இடம்கூடக் காலியாக இருக்கக் கூடாது என்று தவிக்கும் சேகரிப்பாளர்கள் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் ஏராளமாக இருந்ததால் சீபெக்குக்கும் வலிக்கவில்லை. கடிதத்தில் ஒட்டப்படவே வாய்ப்பில்லாத தபால்தலைகள் கட்டுக்கட்டாக நேரே ஆல்பங்களுக்குப் போயின. 1895இல் லண்டன் சேகரிப்பாளர்கள் இத்தகைய ஊக வாணிபத் தபால்தலைகளை ஒடுக்கவென்றே ஒரு சங்கம் அமைத்தார்கள். சீபெக்கின் சரக்குகளில் பெரும்பாலானவை நூறாண்டு தாண்டிய பிறகும் மலிவாகவே கிடைக்கின்றன. பழசாகிவிட்டதாலேயே ஒரு பொருளுக்கு விலை வந்துவிடாது.

சீபெக்கை இன்று நினைவுபடுத்துபவை என்எஃப்டி என்று நாம் அழைக்கும் டிஜிட்டல் சேகரிப்பு டோக்கன்கள். அவற்றைப் பற்றிய வாதம் பெரும்பாலும் கணினி நுட்பத்தைச் சுற்றியே நடக்கிறது. பிளாக்செயின் என்னும் பொதுப் பேரேட்டில் இன்ன டோக்கன் இன்னாருடையது என்று ஒரு பதிவு, அதை யாரும் திருத்த முடியாது, எனவே அது அபூர்வம், எனவே அதற்கு மதிப்பு உண்டு என்பது ஆதரவாளர்களின் தர்க்கம். இதில் முதல் இரண்டு படிகளில் குறை சொல்ல அதிகமில்லை. சறுக்கல் மூன்றாவதிலும் நான்காவதிலும் இருக்கிறது. சேகரிப்பு வணிகத்தின் நீண்ட வரலாறு காட்டுவது வேறொன்றை: எண்ணிக்கையைக் குறைத்து வெளியிடுவது யாராலும் முடிகிற காரியம். அந்தப் பொருளுக்கு வெளியே ஒரு வாழ்க்கை இருந்ததா, இதுதான் அசல் என்று பொறுப்பேற்றுச் சொல்ல ஓர் ஆளோ அமைப்போ இருக்கிறதா என்பவையே விலையைத் தாங்கி நிற்கின்றன.

மெய்யாகவே அபூர்வமான தபால்தலைகளின் பிறப்பைப் பார்த்தால் இது புரியும். 1856இல் பிரிட்டிஷ் கயானாவுக்கு இங்கிலாந்திலிருந்து வரவேண்டிய தபால்தலைகள் நேரத்துக்கு வரவில்லை. ஜார்ஜ்டவுனில் இருந்த தபால் அதிகாரி உள்ளூர் அச்சகத்தில் அவசரத்துக்குக் கொஞ்சம் அடித்துக்கொண்டார். அவற்றில் கருஞ்சிவப்புத் தாளில் அடித்த ஒரு சென்ட் தலை, உலகத்தில் ஒன்றே ஒன்று மிஞ்சியது. 1873இல் பன்னிரண்டு வயதுப் பையன் ஒருவன் வீட்டுப் பழைய கடிதங்களுக்கிடையே அதைக் கண்டெடுத்துச் சில ஷில்லிங்குக்கு விற்றான். 2014இல் அதன் ஏல விலை ஏறத்தாழ 95 லட்சம் டாலர். 1948இல் கவர்னர் ஜெனரல் அலுவலகத்துக்கென்று ‘சர்வீஸ்’ என்று மேலச்சிட்ட பத்து ரூபாய் காந்தி தலைகளும் இப்படித்தான். ஒரு நிர்வாகத் தேவைக்காக மிகக் குறைவாக அச்சானவை அவை. நான்கு தலைகள் கொண்ட துண்டு ஒன்று 2017இல் ஐந்து லட்சம் பவுண்டுக்குப் போனது. இவற்றை உண்டாக்கியவர் எவரும் அபூர்வப் பொருள் செய்வதாக நினைக்கவில்லை. அவை புழங்கின, கிழிந்தன, குப்பைக்குப் போயின. தப்பிப் பிழைத்ததற்குத்தான் விலை. வெளியிட்டவர் மனம் மாறினால் அபூர்வம் என்ன ஆகும் என்பதற்கும் சான்று உண்டு. 1962இல், ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த டாக் ஹாமர்ஷோல்டு நினைவாக அமெரிக்கா வெளியிட்ட தலையில் மஞ்சள் நிறம் தலைகீழாக அச்சாகிவிட, சிலர் கையில் அதிர்ஷ்டம் அடித்தது. அதற்குள் தபால் துறைத் தலைவர் அதே பிழையோடு ஏறத்தாழ 4 கோடி தலைகளை வேண்டுமென்றே அச்சடிக்க உத்தரவிட்டார். அதிர்ஷ்டம் அன்றோடு முடிந்தது.

பிளாக்செயின் தடுப்பது இதைத்தானே, யாரும் மறுபடி அச்சடிக்க முடியாதே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் டோக்கன்களின் சொந்த வரலாறே இதற்கு ஒத்துவரவில்லை. முதல் என்எஃப்டி என்று பலரும் குறிப்பிடும் ‘குவாண்டம்’ என்ற படைப்பை 2014 மே மாதம் கெவின் மெக்காய் என்ற கலைஞர் நேம்காயின் என்னும் பேரேட்டில் பதிந்தார். அந்தப் பேரேட்டில் பதிவுகளைக் குறித்த காலத்துக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். அவர் புதுப்பிக்கவில்லை, பதிவு காலாவதியானது. 2021இல் சந்தை கொதித்தபோது வேறொரு தரப்பு அந்தப் பெயரைத் தன் வசமாக்கிக்கொண்டது. மெக்காயோ அதே படைப்பை எத்தீரியம் என்னும் வேறொரு பேரேட்டில் புதிதாகப் பதிந்தார், அது சோத்பீஸ் ஏலத்தில் 14 லட்சம் டாலருக்கு மேல் விலை போனது. பழைய பதிவைக் கையில் வைத்திருந்த தரப்பு தொடுத்த வழக்கு 2023 மார்ச்சில் தள்ளுபடியானது. பேரேடு ஒருவர் பக்கம், விலை இன்னொருவர் பக்கம். எது முதல் பதிவு என்பதைக் கணினி நிரல் தீர்மானிக்கவில்லை. கலைஞரின் பெயரும் ஏல நிறுவனத்தின் விவரப் பட்டியலும் தீர்மானித்தன.

கிரிப்டோபங்க்ஸ் கதை இன்னும் வேடிக்கை. 2017 ஜூனில் லார்வா லேப்ஸ் என்ற இருவர் நிறுவனம் 10,000 சின்னஞ்சிறு முகங்களை வெளியிட்டது. அவற்றின் விற்பனையைத் தானாக நடத்திய முதல் கணினி ஒப்பந்தத்தில் ஒரு பிழை. வாங்கியவர் கட்டிய பணத்தை விற்றவர் எடுக்க முடியாமல், வாங்கியவரே திரும்ப எடுத்துக்கொள்ள முடிந்தது. நிறுவனம் அதைக் கைவிட்டு அதே முகங்களை இரண்டாவது ஒப்பந்தத்தில் வெளியிட்டது. முதல் வரிசை அழியவில்லை, அழிக்கவும் முடியாது. அழியாத பேரேடு என்பதன் பொருள் அதுதானே! பல ஆண்டுகள் கழித்து அந்தப் பழைய வரிசையைச் சிலர் தோண்டியெடுத்து விற்கத் தொடங்கியபோது அவற்றை நிறுவனம் அசலாக ஏற்கவில்லை. இரண்டு பத்தாயிரங்களும் மாற்ற முடியாதவை, இரண்டும் எண்ணிக்கையில் சமம், முதலாவது வயதிலும் மூத்தது. உயர்ந்த விலை என்னவோ இரண்டாவதற்கே. சீபெக்கின் நான்கு நாடுகளுக்கும் இதற்கும் இடையே நான் காணும் வித்தியாசம் ஒன்றுதான்: அங்கே அசலுக்குச் சாட்சி சொன்னது அரசு, இங்கே ஒரு சிறு நிறுவனம்.

2021இன் வெறியை நீட்டிச் சொல்ல வேண்டியதில்லை. மார்ச் மாதம் பீப்பிள் என்ற ஓவியரின் படத்தொகுப்பு கிறிஸ்டீஸ் ஏலத்தில் 6.93 கோடி டாலருக்கு விற்றது. வாங்கியவர் தமிழ்நாட்டில் வளர்ந்து சிங்கப்பூரில் வாழும் விக்னேஷ் சுந்தரேசன் என்பதால் நம் பத்திரிகைகளும் பெருமையோடு எழுதின. அதே மாதம் ட்விட்டர் நிறுவனர்களில் ஒருவரான ஜாக் டோர்சியின் முதல் ட்வீட்டுக்கான டோக்கன் 29 லட்சம் டாலருக்குப் போனது. 2022 ஏப்ரலில் அதை 4.8 கோடி டாலருக்கு விற்க வைத்தபோது ஏலம் முடிகையில் வந்திருந்த அதிகபட்சக் கேட்பு சுமார் 280 டாலர். வெறி தபால்தலைக்காரர்களையும் தொற்றியது. கயானாவின் அந்த ஒரு சென்ட் தலையை 2021இல் 83 லட்சம் டாலருக்கு வாங்கிய ஸ்டான்லி கிப்பன்ஸ் என்ற தபால்தலை வணிக நிறுவனம், முந்தைய விலையைவிடக் குறைவாக வாங்கியும், அதன் உரிமையை 80,000 பங்குகளாகப் பிரித்து ஒன்று நூறு பவுண்டு என்று விற்பனைக்கு வைத்தது. உலகின் ஒரே ஒரு தலை எண்பதாயிரமான விந்தை அது.

எதிர்வாதத்தில் எனக்குக் கனமாகப் படுவது பூட்டான். பர்ட் டாட் என்ற அமெரிக்கர் யோசனை சொல்லி அந்த நாடு 1970களின் தொடக்கத்தில் வெளியிட்ட தபால்தலைகள் கிராமபோனில் வைத்தால் பாடும் குட்டி இசைத்தட்டுகள். சேகரிப்பாளர் பணத்தைக் குறிவைத்தே செய்தவை. அன்று அறிஞர்கள் முகம் சுளித்தார்கள், இன்று தேடி வாங்குகிறார்கள். அப்படியானால் விற்பனைக்கென்றே செய்த பொருளும் ஒருநாள் மதிப்புப் பெறலாம் என்று ஆகிறதே? ஆகிறதுதான். ஆனால் தேடப்படுவது அந்தத் தலைகளின் எண்ணிக்கை அல்ல. இசைத்தட்டைத் தபால்தலையாக்கிய குறும்பும், அது இன்னமும் பாடுகிறது என்பதும்தான். கிரிப்டோபங்க்ஸ் இன்றும் பல்லாயிரம் டாலருக்குக் கைமாறுவதற்கும் இதே விடை பொருந்துகிறது. அவற்றில் பெரும்பகுதி தொடக்கத்தில் கேட்டவர்க்கெல்லாம் இலவசமாகக் கொடுக்கப்பட்டது, பின்னால் வந்தவர்கள் பார்த்து எழுதிய மூலம் அது. அதைப் பார்த்துச் செய்த எண்ணற்ற பத்தாயிர வரிசைகளுக்கு அந்த முதன்மை கிடைக்காது.

அபூர்வத்தை விட்டுவிடுவோம், பயன் இல்லையா என்பது மிச்சம். கலைஞருக்கு ஒவ்வொரு மறுவிற்பனையிலும் பங்கு உண்டு என்பது பெரிய வாக்குறுதியாக இருந்தது. அந்தப் பங்கைப் பேரேடு வசூலித்துத் தரவில்லை, சந்தைத் தளங்களே தந்தன. போட்டி முற்றியதும் பெரிய தளமான ஓப்பன்சீ 2023இல் அதை வாங்குபவர், விற்பவர் விருப்பத்துக்கு விட்டுவிட்டது. ஸ்டார்பக்ஸ் தன் வாடிக்கையாளர்களுக்கென 2022 டிசம்பரில் தொடங்கிய டோக்கன் திட்டம் 2024 மார்ச்சோடு மூடப்பட்டது. படத்தின் இருப்பிடம் இன்னொரு பிரச்சினை. பல டோக்கன்களில் இருப்பது படம் அல்ல, படம் இருக்கும் முகவரி. கிரிப்டோ நாணயப் பரிமாற்ற நிறுவனமான எஃப்டிஎக்ஸ் 2022 நவம்பரில் திவாலானபின் அதன் தளத்தில் வாங்கிய டோக்கன்களின் படங்கள் காணாமல் போயின. நுழைவுச்சீட்டுக்கும் சான்றிதழுக்கும் இந்த நுட்பம் உதவலாம் என்பதை மறுக்கவில்லை. ஆனால் வாயிலில் நிற்பவர் சீட்டை ஏற்க வேண்டும், பல்கலைக்கழகம் சான்றிதழை ஒப்புக்கொள்ள வேண்டும். அவர்கள் ஏற்கத் தயாரென்றால் சாதாரணத் தரவுத்தளமே அநேக இடங்களில் போதும்.

2023 பிப்ரவரியில் பாரிஸின் பொம்பிடு மையம் 18 என்எஃப்டிகளைத் தன் நிரந்தரத் தொகுப்பில் சேர்த்தது. 110ஆம் எண் கிரிப்டோபங்க் அவற்றில் ஒன்று, நன்கொடையாக வந்தது. இனி அதைக் காப்பது எத்தீரியம் மட்டுமல்ல. அருங்காட்சியகத்தின் சேர்க்கைப் பதிவேடும், அங்கே சம்பளம் வாங்கும் பாதுகாவலர்களும் சேர்ந்துதான்.