அஷீ ஹீ பன்வாபன்வி

1988 செப்டம்பரில் வெளியான மராத்தி நகைச்சுவைப் படம். தலைப்பைத் தமிழில் சொன்னால், 'இப்படியும் ஒரு தில்லுமுல்லு'. இயக்கம் சச்சின் பில்காவ்கர், தயாரிப்பு கிரண் சாந்தாராம், எழுத்து வசந்த் சப்னிஸ். புனேயில் வாடகை வீடு தேடி அலையும் நான்கு பிரம்மச்சாரிகளாக அசோக் சராஃப், லக்ஷ்மிகாந்த் பேர்டே, சச்சின், சித்தார்த் ராய் நடித்தனர். குடும்பஸ்தர்களுக்கு மட்டுமே வீடு என்கிறார் வீட்டுக்கார அம்மாள். உடனே இருவர் சேலை கட்டிக்கொள்கிறார்கள். (அந்த அம்மாளாக வரும் நயன்தாரா மூத்த மராத்தி நடிகை, தமிழ்ப் படங்களில் வருபவர் அல்லர்.)

கதையின் பூர்வீகம் வங்காளம். ஷைலேஷ் தே எழுதிய கதையிலிருந்து 1955இல் 'ஜய் மா காளி போர்டிங்' என்ற வங்காளப் படம் வந்தது. அதையே 1966இல் ரிஷிகேஷ் முகர்ஜி 'பீவி அவுர் மக்கான்' என்று இந்தியில் எடுத்தார். அதில் சேலை கட்டியவர்கள் பிஸ்வஜித்தும் கேஷ்டோ முகர்ஜியும். மராத்திக்குப் பின் தெலுங்கில் 'சித்ரம் பளாரே விசித்ரம்', தமிழில் பிரசாந்த் பெண் வேடமிட்ட 'ஆணழகன்' (1995), பஞ்சாபியில் 'மிஸ்டர் அண்ட் மிசஸ் 420' (2014) என்று கதை ஊர் ஊராகக் குடிபோனது. இத்தனை வீடு மாறியும் அது நிலையாகத் தங்கியது மராத்தியில்தான்.

காரணம் வசனம். மராத்தியில் 'இது', 'என்' போன்ற சொற்களும் ஆண்பால், பெண்பால் பார்த்து மாறும். மனைவியை 'ஹீ மாஜீ' என்று அறிமுகப்படுத்த வேண்டிய அசோக் சராஃப், சேலையில் நிற்கும் லக்ஷ்மிகாந்தைக் காட்டி வாய் தவறி 'ஹா மாஜா' என்றுவிடுகிறார். 'இவன் என் பொண்டாட்டி' என்பதுபோல. தமிழில் ஒரு சொல்தான் சறுக்கும், மராத்தியில் இரண்டும் சறுக்குகின்றன.

இன்னொரு காட்சி. பழைய வீட்டுக்காரர் சர்போத்தார் (சுதீர் ஜோஷி) மருந்துக்குக் கொடுத்த 70 ரூபாயைக் கேட்கிறார். வாங்கி வரவேண்டிய நண்பர் காலமாகிவிட்டார் என்று பதில் வருகிறது. அப்படியென்றால் பணம்? அதுவும் காலமாகிவிட்டதாம். பெரியவர்கள் இறந்தால் மரியாதையாகச் சொல்லும் 'வார்லே' என்ற சொல்லை ரூபாய்க்குப் போட்டதில்தான் சிரிப்பு. பால கந்தர்வரின் பெண் வேடத்தைக் கொண்டாடிய மேடை மரபுள்ள ஊரில், சேலை மட்டும் இவ்வளவு நாள் சிரிக்க வைத்திருக்காது.

லக்ஷ்மிகாந்த், சித்தார்த் ராய் இருவரும் 2004இல் காலமாயினர். அசோக் சராஃபுக்கு 2025இல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது. வசனங்கள் இப்போது மீம்களாக உலவுகின்றன.