கிடையும் கேமராவும்: டேவிட் மக்டூகலின் ஆவணப்பட வாழ்வு – ஒரு கரிசல் நோக்கு

கோவில்பட்டியை அடுத்த இடைசெவலில் பிறந்த கி. ராஜநாராயணன், மழைக்காகப் பள்ளிக்கூடத்தில் ஒதுங்கியபோதும் மழையையே பார்த்துக்கொண்டிருந்ததாகத் தம்மைப் பற்றிச் சொல்லிக்கொண்டவர். ஆட்டுக்கிடையையும் கீதாரிகளையும் களமாகக் கொண்ட அவரது ‘கிடை’ குறுநாவலைக் கற்றோர்க்கு, மானிடவியல் சார்ந்த உற்றுநோக்கு ஆவணப்பட இயக்குநருள் முதன்மையானவரான டேவிட் மக்டூகலின் தொடக்ககாலப் படமொன்று அயலானதாகத் தோன்றாது. அதுவும் மந்தையைப் பற்றியதே.

1939இல் அமெரிக்காவில் பிறந்த மக்டூகல், 1968இல் தம் மனைவி ஜூடித்துடன் உகாண்டாவின் கரமோஜாப் பகுதிக்குச் சென்று, கால்நடை வளர்க்கும் ஜியே மக்களிடையே படம் எடுத்தார். ‘டு லிவ் வித் ஹெர்ட்ஸ்’ என்னும் அப்படம் 1972இல் வெனிஸ் விழாவில் பரிசு பெற்றது. வறண்ட பருவம், மேய்ச்சலைத் தேடும் நெடுநடை, மேய்ப்பரின் வாழ்முறையை மாற்ற முனையும் அரசு ஆகியன அதன் பொருள். எனினும் அப்படத்தின் வரலாற்று முதன்மை அதன் மொழியில் உள்ளது. அதற்குமுன் இனவரைவியல் படங்கள் பலவற்றிலும் வெளியார் குரல் ஒன்று மேலே நின்று விளக்கும், படத்திலுள்ளோர் வாயசைப்பர். மக்டூகல் இணையர் ஜியே மக்களின் பேச்சையே கேட்கவிட்டு, பொருளைத் துணைத்தலைப்பாக அடியில் இட்டனர். 1982இல் கி.ரா. வெளியிட்ட கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியின் பின்னணியிலும் இத்தகைய மனப்பாங்கே உள்ளது எனலாம்: பேசுவோன் சொல்லுக்கு வேறொருவன் சொல் ஈடாகாது.

ஆயின் உற்றுநோக்குதல் மட்டும் போதுமா? இவ்வினாவை எழுப்பியவரும் மக்டூகலே. 1975இல் வெளிவந்த கட்டுரையொன்றில், தான் அங்கு இல்லாததுபோல் ஒதுங்கி நிற்கும் கேமராவின் பாசாங்கை அவர் சுட்டினார். படமெடுப்போர், படமெடுக்கப்படுவோர் ஆகிய இரு திறத்தாரும் பங்குகொள்ளும் திரைப்படத்தை வேண்டினார். விருந்துக்கு வந்தவன் வாய்திறவாது மூலையில் அமர்ந்து வீட்டாரை அளப்பது எவ்வூரிலும் மரியாதையன்று. கென்யாவின் துர்க்கானா மக்களிடையே எடுத்த மூன்று படங்களில் உரையாடலே உடலாக அமைந்தது இதன் விளைவு.

பின்னர் ஆஸ்திரேலியத் தொல்குடிகளிடையே நெடுங்காலம் பணியாற்றிய அவர், முசூரியின் ஒளிப்படக் கலைஞர்களைப் பற்றி 1991இல் ‘ஃபோட்டோ வாலாஸ்’ படத்தை ஜூடித்துடன் உருவாக்கினார். 1997 முதல் டேராடூனின் டூன் பள்ளியில் தங்கி ஐந்து படங்கள் எடுத்தார். மந்தை மேய்ப்போரிலிருந்து மேட்டுக்குடிச் சிறுவருக்கு வந்தது சிலருக்கு இறக்கமாகப்படலாம். உண்மையில் மானிடவியல் என்பது ‘பிறரை’ மட்டும் பார்ப்பதன்று என்பதற்கு இதுவே நல்ல சான்று. மதனப்பள்ளிக்கு அருகிலுள்ள ரிஷிவேலிப் பள்ளியில் எடுத்த ‘ஸ்கூல்ஸ்கேப்ஸ்’ (2007), ஜே. கிருஷ்ணமூர்த்தியின் சிந்தனைகளாலும் லூமியேர் சகோதரர்களின் படங்களாலும் தூண்டப்பெற்றது. அடுத்த ஆண்டின் ‘காந்தீஸ் சில்ட்ரன்’, தில்லியின் காப்பகச் சிறுவரைப் பற்றியது.

கரிசற் கிடையும் திரைக்கு வந்தது. அம்ஷன் குமார் 2003இல் ‘கிடை’யை ‘ஒருத்தி’யாக்கினார். ஆவணப்படங்கள் பல எடுத்தவர் எனினும் இது அவரது கதைப்படம். இதில் கீதாரியின் பேச்சு எழுத்தாளர், இயக்குநர், நடிகர் ஆகிய மூவரைக் கடந்தே வருகிறது. கி.ரா.வும் உழுகுடியினரே, கீதாரி அல்லர். தம் மந்தையைப் பற்றி ஜியே மேய்ப்பர் தம் வாயாற் பேசுவதைக் கேட்டபின் ‘ஒருத்தி’யைக் காண்போர், இந்த இடைவெளியை உணராமல் இருக்க இயலாது.