டாக்கோ கேசரோலின் பூர்வீகம்

நம்மூர்ல கேசரோல்னா என்னங்க? சப்பாத்தி ஆறாம இருக்க மூடி வைக்கிற ஹாட்பேக். கல்யாணத்துல நாலு பேராவது அதைத்தான் பரிசாக் கொடுப்பாங்க. ஒண்ணைப் புழங்கிட்டு மிச்சத்தைப் பரண்ல ஏத்திடுவோம்.

மினசோட்டா வந்த புதுசு. ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுபோய்ப் பகிர்ந்து சாப்பிடற பாட்லக் எங்க ஆபீஸ்ல. பக்கத்து சீட்டு அம்மணி "நான் டாக்கோ கேசரோல் கொண்டு வர்றேன்"னாங்க. டாக்கோவை எதுக்கு ஹாட்பேக்ல போட்டு மூடணும், நமுத்துப் போயிடாதோன்னு எனக்கு ஒரே கவலை :-)

மறுநாள் வந்தது ஒரு செவ்வகக் கண்ணாடித் தட்டு. மேல உருகின சீஸ், அடியில ஏதோ செக்கச்செவேல்னு. எழுதி வாங்கிட்டு வந்த செய்முறை இவ்வளவுதான். ஒரு பவுண்டு கொத்துக்கறியை வெங்காயத்தோட வதக்கணும் (நம்ம வீட்ல சைவம், அதனால வேகவச்ச ராஜ்மா). ஒரு பாக்கெட் டாக்கோ மசாலா, டப்பாத் தக்காளி ஒண்ணு, டப்பா கறுப்பு பீன்ஸ் ஒண்ணு, ரெண்டு கை மக்காச்சோளம் எல்லாத்தையும் அதுல கொட்டிக் கிளறணும். கண்ணாடித் தட்டுல நொறுக்கின டோர்ட்டியா சிப்ஸ், அதுக்கு மேல கலவை, அதுக்கு மேல துருவின செடார் சீஸ். 350 டிகிரி ஃபாரன்ஹீட் ஓவன்ல 25 நிமிஷம். அம்புட்டுத்தான். ஏழு மணிக்கு ஆணி புடுங்கி முடிச்சு வீட்டுக்கு வந்தா எட்டு மணிக்குத் தட்டுல சோறு. அதுலேருந்து எங்க வீட்ல செவ்வாய்க்கிழமைன்னா இதுதான்.

ரொம்ப நாள் இதைச் சோம்பேறிச் சமையல்னுதான் நினைச்சுக்கிட்டிருந்தேன். ஒரு நாள் ஓவன் சூடாகட்டும்னு நிக்கறப்ப மசாலா பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தேன். மிளகாய், சீரகம், ஓரிகானோ, பூண்டுப் பொடி, உப்பு. அட, சாம்பார்ப் பொடிக்கு ஒண்ணுவிட்ட தங்கச்சி! இதை முதல்ல யார் அரைச்சிருப்பாங்கன்னு தேட ஆரம்பிச்சு, அன்னிக்கு கேசரோல் தீஞ்சு, ரங்கமணி கார்ன்ஃப்ளேக்ஸ் சாப்பிட்டுட்டுப் படுத்தது தனிக்கதை.

முதல்ல அந்தக் கண்ணாடித் தட்டு. கார்னிங் கம்பெனி ரயில்வே விளக்குக்காக, சூடு தாங்கற கண்ணாடி செஞ்சுக்கிட்டிருந்தது. அங்க வேலை பார்த்த விஞ்ஞானி ஜெஸ்ஸி லிட்டில்டன். 1913ல அவர் பேட்டரி ஜாடி ஒண்ணோட அடிப்பாகத்தை அறுத்து வீட்டுக்குக் கொண்டுவர, அவர் மனைவி பெஸ்ஸி அதுல கேக் சுட்டுப் பார்த்தாங்க. 1915ல பைரெக்ஸ்னு கடைக்கு வந்துடுச்சு. கேசரோல்ங்கறதும் பிரெஞ்சுல பாத்திரத்தோட பேருதான். நம்ம இட்லிப்பானையை 'இட்லி'ன்னு கூப்பிடற மாதிரி தலைகீழா, இங்க பாத்திரத்தோட பேரு பதார்த்தத்துக்கு ஒட்டிக்கிச்சு. எங்க மினசோட்டாக்காரங்க அதுக்கும் ஒத்துக்க மாட்டாங்க, ஹாட்டிஷ்னுதான் சொல்வாங்க. 1930லயே மன்கேட்டோ ஊர் சர்ச்சுப் பெண்கள் போட்ட சமையல் புத்தகத்துல ஹாட்டிஷ் வந்துடுச்சு. 1934ல கேம்பெல் கம்பெனியோட காளான் சூப் டப்பா வந்தது. 1955ல அதே கம்பெனியோட சோதனைச் சமையலறையில இருந்த டார்கஸ் ரைலி அந்த சூப்பை பீன்ஸ் மேல ஊத்தி ஒரு கேசரோல் கண்டுபிடிக்க, நன்றி நவிலல் நாள் விருந்துல இன்னிக்கும் அது இல்லாத வீடு கம்மி.

நம்ம டாக்கோ கேசரோலுக்கு நேர் பாட்டி ஒருத்தி உண்டு. டமாலே பை. 1917ல அமெரிக்கா முதல் உலகப்போர்ல இறங்கினதும், கோதுமையையும் கறியையும் மிச்சம் பிடிச்சுப் போர்முனைக்கு அனுப்புங்கன்னு ஹெர்பர்ட் ஹூவர் தலைமையில இருந்த உணவு நிர்வாகம் வீடு வீடாப் பிரச்சாரம் பண்ணுச்சு. கொஞ்சூண்டு கறியை மிளகாய்ப் பொடியோட வதக்கி, மேல மக்காச்சோள மாவுக் களியைப் பூசிச் சுடற இந்தப் பை, கோதுமையும் இல்லாம கறியும் குறைச்சலா இருந்ததால நல்லாப் பரவுச்சு. டமாலேயைத் தனித்தனியா சோளத் தோகையில சுத்தி வேகவைக்கணும்னா பொழுது போயிடும். ஒரே தட்டுல தட்டிட்டா வேலை மிச்சம்.

அந்த மிளகாய்ப் பொடி எங்கேருந்து வந்தது? இதுதான் என்னை நாலு ராத்திரி தூங்க விடலை.

டெக்சாஸ்ல சான் அன்டோனியோ. 1836 வரைக்கும் மெக்சிகோ. டெக்சாஸ் பிரிஞ்சு தனி நாடாச்சு, 1845ல அமெரிக்காவோட சேர்ந்தது. சனங்க இருந்த இடத்துலயே இருந்தாங்க, எல்லைக்கோடுதான் அவங்களைத் தாண்டிப் போச்சு. அந்த ஊர்ச் சதுக்கங்கள்ல, 19ஆம் நூற்றாண்டின் கடைசியில, சாயங்காலம் ஆனா மெக்சிகோ வம்சாவளிப் பெண்கள் குடும்பத்தோட வந்து இறங்குவாங்க. நீட்டு மேசை, லாந்தர் விளக்கு, விறகடுப்பு. கறியை மிளகாயோட வேகவச்ச சில்லி கான் கார்னே, டமாலே, பீன்ஸ். பத்து சென்ட்டுக்குத் தட்டு நிறைய. கூலிக்காரன், சிப்பாய், மாடு ஓட்டறவன், ஊர் பார்க்க வந்தவன் எல்லாரும் ஒரே பெஞ்சுல. நம்ம கையேந்தி பவனை நினைச்சுக்குங்க. பத்திரிகைக்காரங்க இவங்களுக்கு 'சில்லி ராணிகள்'னு பேரு வச்சாங்க. 1893 சிகாகோ உலகக் கண்காட்சியில 'சான் அன்டோனியோ சில்லிக் கடை'ன்னே ஒண்ணு போட்டாங்க. பட்டம் கிடைச்சுது, பேரு கிடைக்கலை. அந்தப் பெண்கள்ல முக்கால்வாசிப் பேரோட சொந்தப் பேரு எந்த ஏட்டுலயும் இல்லை.

பக்கத்து ஊரான நியூ பிரான்ஃபெல்ஸ்ல, ஜெர்மனியிலேருந்து குடியேறின வில்லியம் கெப்ஹார்ட்னு ஒருத்தர் சாப்பாட்டுக் கடை வச்சிருந்தார். அவர் கடையிலயும் சில்லிக்கு நல்ல கிராக்கி. ஆனா மிளகாய் பருவத்துக்குத்தான் கிடைக்கும். மனுஷர் மெக்சிகோவிலேருந்து ஆஞ்சோ மிளகாயை வரவழைச்சு, காயவச்சு, கறி அரைக்கிற மெஷின்ல திரும்பத் திரும்ப விட்டுப் பொடியாக்கி, சீரகம் ஓரிகானோ எல்லாம் கலந்து பாட்டில்ல அடைச்சார். 1896ல சான் அன்டோனியோவுலயே தொழிற்சாலை. கழுகு மார்க் மிளகாய்ப் பொடி. (இங்கத்து 'சில்லி பவுடர்' சுத்த மிளகாய்த்தூள் இல்லைங்கறது தெரியாம நான் அதை வத்தக்குழம்புல ரெண்டு ஸ்பூன் போட்டதுண்டு. வேணாம், கேக்காதீங்க.) மெக்சிகோ சமையல்ல அளவா வர்ற சீரகம் டெக்சாஸ் சமையல்ல தூக்கலா இருக்கு. 1731ல சான் அன்டோனியோவுல குடியேறின கானரித் தீவுக் குடும்பங்களோட ருசி அதுன்னு உணவு வரலாறு எழுதறவங்க சிலர் சொல்றாங்க.

கெப்ஹார்ட்டை நான் திருடன்னு சொல்ல வரலை. வருஷம் பூரா மிளகாய் கிடைக்க வழி பண்ணினார், உழைச்சார். ஆனா அடுத்து நடந்ததைப் பாருங்க. பொடி நாடு பூரா விக்குது, கூடவே டப்பாவுல அடைச்ச சில்லியும் டமாலேயும். அதே ஊர்ல, 1930கள்ல சுகாதார விதின்னு சொல்லி சதுக்கத்து அடுப்புகளை அணைச்சாங்க. திறந்தவெளியில சமைக்கறது, பாத்திரம் கழுவற தண்ணி, எல்லாத்துலயும் குத்தம். 1939ல மேயரா வந்த மௌரி மாவெரிக் வலை கட்டின கூடாரத்துக்குள்ள அவங்களைத் திரும்பக் கூட்டிட்டு வந்தார். அதுவும் ரொம்ப நாள் நிக்கலை, 1940கள்ல ராணிகள் கதை முடிஞ்சுபோச்சு. சுகாதாரக் கவலை பொய்னு நான் சொல்ல மாட்டேன், அந்த ஊர்ல காசநோய் நெசமாவே கடுமையா இருந்துச்சு. ஆனா குழாயும் சாக்கடையும் சரியாப் போய்ச் சேராத மெக்சிகோக்காரங்க பகுதிக்கு அதைப் போட்டுக் கொடுத்திருக்கலாம்ல? அடுப்பை அணைக்கறது சுலபமா இருந்திருக்கு.

சிப்ஸ் கதையும் கிட்டத்தட்ட இதே ராகம்தான். அதே சான் அன்டோனியோ, 1932. குஸ்தாவோ ஓல்குயின்ங்கற மெக்சிகோக்காரர் மக்காச்சோள மாவைப் பொரிச்சு வித்துக்கிட்டிருந்தார். அந்தச் செய்முறையையும் பிழியற கருவியையும் சார்ல்ஸ் எல்மர் டூலின் 100 டாலருக்கு வாங்கினார். அதான் ஃப்ரிட்டோஸ். டூலினோட அம்மா டெய்சி டீன் அதை நொறுக்கி விதவிதமா சமைச்சுப் பார்த்தாங்க. செய்முறைகளை அச்சடிச்சு விளம்பரமும் பண்ணினாங்க. கேசரோலுக்கு அடியில நாம போடற நொறுக்கின சிப்ஸ் அந்த வழியில வந்ததுதான். சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணியில வேகவச்சு, தோலை உரிச்சு, கல்லுல அரைக்கிற வித்தை மட்டும் மெக்சிகோப் பெண்களோட பல ஆயிரம் வருஷத்துச் சொத்து. அந்தச் சுண்ணாம்புதான் சோளத்துல இருக்கற நியாசின் சத்தை உடம்புல சேர வைக்குது. சுண்ணாம்பை விட்டுட்டு வெறும் சோளத்தையே நம்பி இருந்த அமெரிக்கத் தென்மாநில ஏழைங்க, 20ஆம் நூற்றாண்டோட ஆரம்பத்துல பெல்லாக்ரா நோய் வந்து ஆயிரக்கணக்குல செத்தாங்க.

கடைசியா அந்த 'டாக்கோ'ங்கற பேரு. கலிஃபோர்னியாவுல சான் பெர்னார்டினோ. 1937ல லூசியா ரோட்ரிகெஸ் ஆரம்பிச்ச மித்லா கஃபேக்கு எதிர்த்தாப்புல, 1950கள்ல க்ளென் பெல்னு ஒருத்தர் ஹாட்டாக் கடை வச்சிருந்தார். எதிர்க்கடையில மொறுமொறு டாக்கோவுக்கு நிக்கற வரிசையைப் பார்த்து, அங்கயே போய்ச் சாப்பிட்டு, எப்படிச் செய்யறாங்கன்னு கத்துக்கிட்டார். 1962ல டவுனி ஊர்ல டாக்கோ பெல். 1978ல அதை பெப்சி கம்பெனி வாங்குச்சு. அதே மித்லா கஃபேயில இன்னொரு கூட்டமும் உக்காந்து பேசிக்கிட்டிருந்தது. நகராட்சி நீச்சல் குளத்துல மெக்சிகோ வம்சாவளிப் பிள்ளைங்களை மத்தவங்களோட சமமா விடாததை எதிர்த்து வழக்குப் போட்டவங்க. 1944ல ஜெயிச்சாங்க. டாக்கோவுக்கு வரிசை நிக்கிற ஊர்ல, அதைச் சுட்டுப் போட்டவங்க பிள்ளைங்க குளத்துல இறங்க கோர்ட்டுக்குப் போக வேண்டியிருந்திருக்கு. இதைப் படிச்ச அன்னிக்கு எனக்குச் சாப்பாடு இறங்கலை.

1960கள்ல மசாலா பாக்கெட்டும் கடைக்கு வந்துடுச்சு. வேலைக்குப் போற பெண்கள், டப்பா, பாக்கெட், ஓவன், எல்லாம் கைகோர்த்து செவ்வாய்க்கிழமை ராத்திரி வந்து சேர்ந்தது. 1972ல டயானா கென்னடி மெக்சிகோ சமையல் பத்தின புத்தகத்துல இதெல்லாம் மெக்சிகோ சாப்பாடே இல்லைன்னு பிரிச்சு வச்சாங்க. அப்புறம்தான் டெக்ஸ்-மெக்ஸ்ங்கற பேரு சாப்பாட்டுக்கு நிலைச்சது. அதுக்கு முன்னாடி அது 1875ல ஆரம்பிச்ச ஒரு ரயில் கம்பெனியோட செல்லப்பேரு! எனக்கென்னவோ அந்தம்மா சொன்னதுல பாதிதான் சரின்னு படுது. சான் அன்டோனியோ ராணிகளும் மெக்சிகோக்காரங்கதானே? இருந்த இடத்துல கிடைச்சதை வச்சுச் சமைச்சாங்க. மெக்சிகோ மிளகாயைப் போர்ச்சுக்கீசியர் கையிலேருந்து வாங்கி, மிளகு மாதிரி காரமான காய்னு பேரு வச்சு, நம்ம பாட்டிங்க குழம்புல போடலையா?

இதெல்லாம் படிச்ச ஜோர்ல, இனிமே பாக்கெட் வாங்கறதில்லைன்னு சபதம் போட்டேன். மினியாபொலிஸ் லேக் ஸ்ட்ரீட்ல 1999லேருந்து மெர்காடோ சென்ட்ரல் இருக்கு, லத்தீன் அமெரிக்க வியாபாரிங்க கூட்டுறவா நடத்தற சந்தை. ஆஞ்சோ மிளகாய் வாங்கப் போனேன். எதுக்குன்னு கடைக்கார அம்மா கேட்டாங்க. டாக்கோ கேசரோல்னு இழுத்தேன், திட்டுவாங்களோன்னு பயம். அவங்க சிரிச்சுக்கிட்டே, "அதுக்கு எதுக்கு இவ்வளவு பாடு? எம் பொண்ணு பாக்கெட்தான் போடுவா, நல்லாத்தான் இருக்கும்"னுட்டாங்க.

மிளகாயை வாங்கிட்டுதான் வந்தேன். சீரகத்தோட வறுத்து அரைச்சு, ராஜ்மாவுல போட்டு, இப்ப ஓவன்ல இருக்கு. வீடு பூரா வாசனை. ரங்கமணி ரெண்டு தடவை எட்டிப் பார்த்துட்டார். இந்தத் தடவை தீயறதுக்குள்ள எந்திரிச்சுப் போறேன்.