உறுதி இல்லாத காடு

தெல்லிப்பழையில் காணி என்றால் எழுத்து. ஒல்லாந்தர் எழுதிவைத்த தோம்பு என்னும் நிலப்பதிவேடும், அவர்கள் 1707 இல் தொகுத்த தேசவழமையும், பெட்டகத்தில் காத்துவந்த உறுதிகளும் எங்கள் முன்னோருக்கு அரணாக நின்றன. நாலு பரப்புக் காணிக்கும் நீதிமன்றம் ஏறியவர்கள் அவர்கள்.

எழுத்து இல்லாத இடத்தில் என்ன நிகழ்ந்தது என்பதை அறிய, மழை மிகுந்த கண்டி மலைநாட்டை நோக்க வேண்டும். அங்கே கிராமத்தவர் பள்ளத்தில் நெல் விதைத்தனர். மேட்டுக் காட்டில் ஒரு துண்டை வெட்டி எரித்து, ஓரிரு போகம் குரக்கன் விதைத்தபின், பல்லாண்டுகள் அதை மீண்டும் காடாக வளரவிட்டனர். இதுவே சேனைப் பயிர்ச்செய்கை. ஓய்ந்திருக்கும் அந்தக் காடு, மண்ணுக்கு வளம் சேர்க்கும் காலத்தின் அடையாளம். ஆங்கிலேயரோ அதை ஆளற்ற நிலமாகக் கண்டனர்.

1840 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கச் சட்டம், காடாகவும் தரிசாகவும் கிடக்கும் நிலம், மாறாக நிறுவப்படும்வரை முடிக்குரியது என்றது. தோம்பு இல்லாத கண்டிப் பகுதிகளின் சேனைகளுக்குச் சன்னசு போன்ற சாசனமோ, வழமையான வரி செலுத்திய சான்றோ கேட்டது. வழக்காற்றையே உரிமையாகக் கொண்டிருந்த உழவன் எதைக் காட்டுவான்?

காடுகள் கோப்பித் தோட்டங்களாயின. 1869 இல் தோன்றிய இலைநோய் கோப்பியை அழித்தது, தேயிலை வந்தது. 1873 இல், கியூ தாவரவியற் பூங்காவின் பணிப்பாளர் யோசப் ஊக்கர், 5000 அடிக்கு மேற்பட்ட காடுகளை அழிக்கலாகாது என்று அறிவுறுத்தினார். தென்மேற்கின் மழைக்காடான சிங்கராசவனம் 1875 இல் ஒதுக்கக் காடாக அறிவிக்கப்பட்டது. 1988 இல் உலக மரபுரிமைப் பட்டியலில் இடம்பெற்றது. காட்டை விற்றதும் அரசு, காத்ததும் அரசு. காத்தது நன்றே. ஆயினும் காட்டோடு வாழ்ந்தவன் இரண்டிலும் வெளியே நின்றான் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

இது தொலைதூரத்துக் கதை என்றே நாம் எண்ணியிருந்தோம். 1990 இல் வலிகாமம் வடக்கு மக்கள் இடம்பெயர்ந்தனர். தோட்டங்களில் பற்றை மண்டியது. 2013 ஏப்ரலில், வலிகாமம் வடக்கிலும் கிழக்கிலுமாக 6381 ஏக்கரைப் படைத்தேவைக்குச் சுவீகரிக்கப்போவதாக அறிவித்தல்கள் ஒட்டப்பட்டன. உரிமையாளரைக் கண்டறிய முடியவில்லை என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். அவ்வுரிமையாளர்களோ சில மைல் தொலைவில், நலன்புரி முகாம்களிலும் உறவினர் வீடுகளிலும் இருந்தனர். உறுதிகளோடு அவர்கள் நீதிமன்றத்தை நாடினர். பின்னைய ஆண்டுகளில் காணிகள் பகுதி பகுதியாக விடுவிக்கப்பட்டன.

எங்கள் வளவுக்குத் திரும்பியபோது, கிணற்றுக்கட்டைக் காணவே இரண்டு நாள் பற்றை வெட்ட வேண்டியிருந்தது. அன்று மலைநாட்டு உழவன் நினைவுக்கு வந்தான். அவனுடைய சேனையும் வெளியார் கண்ணுக்கு இப்படித்தானே தெரிந்திருக்கும்! என் கையில் உறுதி இருந்தது. அவன் கையில் இல்லை. எங்களுக்கிடையே இருந்த வேறுபாடு அவ்வளவே.