லென்ஸ் மூடியும் அதைக் காக்கும் கயிறும்

ஒளிப்படக் கருவியின் லென்ஸ் மூடியும், அது தொலைந்துவிடாதபடி லென்ஸோடு பிணைத்து வைக்கும் மூடிக் கயிறும் இன்று மிக எளிய துணைப்பொருள்களாகக் கருதப்பட்டாலும், ஒளிப்படக் கலையின் முதல் அரை நூற்றாண்டில் படம் பதிவாகும் கணத்தின் தொடக்கத்தையும் முடிவையும் வரையறுத்தது அந்த மூடியேயாகும்.

1839ஆம் ஆண்டு ஆகஸ்ட் 19 அன்று பாரிஸில் லூயி டாகுவேரின் செய்முறை உலகறிய வெளியிடப்பட்ட காலத்தில், அல்ஃபோன்ஸ் ஜிரூ விற்பனைக்குக் கொண்டுவந்த மரப்பெட்டிக் கருவியில் தனியாக ஷட்டர் எதுவும் இல்லை. லென்ஸின் முன்னே அச்சில் திரும்பும் பித்தளைத் தகடு ஒன்றே ஒளியைத் திறக்கவும் அடைக்கவும் பயன்பட்டது. வெள்ளி பூசிய செப்புத் தகட்டில் படம் பதியப் பல நிமிடங்கள் தேவைப்பட்டதால், கை சற்றுத் தாமதித்தாலும் விளைவில் பெரிய வேறுபாடு ஏற்படவில்லை. 1840இல் யோசப் பெட்ஸ்வால் கணக்கிட்டு உருவாக்கிய, மிகுந்த ஒளியை உள்ளே விடும் உருவப்பட லென்ஸும், 1851இல் ஃபிரெடெரிக் ஸ்காட் ஆர்ச்சர் வெளியிட்ட ஈரக் கொலோடியன் முறையும் (கண்ணாடித் தகட்டின் மேல் பூசிய வேதிப்பூச்சு உலர்வதற்குள் படமெடுத்து முடிக்கும் முறை) அந்தக் கால அளவைச் சில விநாடிகளாகச் சுருக்கிய பின்னர், மூடியைக் கழற்றி, மனத்துக்குள் எண்ணி, கருவி அசையாமல் மீண்டும் மாட்டுவது ஒளிப்படக்காரரின் கைத்தேர்ச்சிகளுள் ஒன்றாயிற்று.

தமிழகத்தின் தொடக்ககால ஒளிப்படங்களும் இத்தகைய கைத்தேர்ச்சியின் விளைவுகளே. சென்னை மாகாண அரசின் ஒளிப்படக்காரராக நியமிக்கப்பட்ட லின்னேயஸ் டிரைப், 1857ஆம் ஆண்டின் இறுதியில் தொடங்கி மறு ஆண்டிலும் தொடர்ந்த பயணத்தில் திருவரங்கம், திருச்சிராப்பள்ளி, தஞ்சாவூர், மதுரை முதலிய இடங்களைப் பதிவு செய்தபோது, நீண்ட நேரம் ஒளியூட்ட வேண்டிய மெழுகுத்தாள் எதிர்ப்படங்களையே பெரிதும் கையாண்டார். தஞ்சைப் பெரிய கோயிலின் அடித்தளக் கல்வெட்டுகளை 21 படங்களாக எடுத்து ஒரே நீண்ட தொடராக அவர் ஒட்டிச் சேர்த்திருப்பது, ஒவ்வொரு படத்துக்கும் ஒளியின் அளவைச் சீராக வைத்திருக்க எத்துணைப் பொறுமை தேவைப்பட்டிருக்கும் என்பதை உணர்த்துகிறது.

1871இல் ரிச்சர்டு லீச் மேடாக்ஸ் முன்மொழிந்த ஜெலட்டின் உலர்தகடு, அதன்பின் பிறர் செய்த மேம்பாடுகளால், விநாடியின் சிறு பின்னத்தில் படத்தைப் பதியும் ஆற்றலைப் பெற்றதும், மனிதக் கையின் வேகம் போதாமற்போயிற்று. மூடி இருந்த இடத்திலேயே, லென்ஸின் முகப்பில் பொருத்தக்கூடிய சுருள்துணி ஷட்டர்களை இங்கிலாந்தின் தார்ன்டன்-பிக்கார்ட் நிறுவனம் பெருமளவில் விற்றது. மூடி பாதுகாப்புப் பொருளாக மாறியது.

ஆயினும் அதன் பழைய கடமை முற்றிலும் மறைந்துவிடவில்லை. ஆஸ்கர் பார்னாக் வடிவமைத்த லைக்கா கருவியின் 1923ஆம் ஆண்டுச் சோதனைத் தொகுதியில், ஃபிலிமின் முன்னே ஓடும் துணித்திரையின் பிளவு, ஷட்டரை முறுக்கும்போதும் திறந்தே இருந்தமையால், ஒவ்வொரு முறையும் லென்ஸை மூடினாலன்றி ஃபிலிமில் வேண்டாத ஒளி விழும் நிலை இருந்தது. எனவே மூடியைக் கயிற்றால் கருவியோடு பிணைத்தே வைத்தனர். முறுக்கும்போது திரைகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து பிளவை அடைத்துக்கொள்ளும் அமைப்போடு 1925இல் லைக்கா சந்தைக்கு வந்த பின், கயிற்றின் அந்தத் தேவை நீங்கியது.

இன்று விற்கப்படும் மூடிக் கயிறு, மூடியின் வெளிமுகத்தில் ஒட்டும் சிறு வட்டையும் லென்ஸின் உடலைச் சுற்றி இறுக்கும் மீள்பட்டையையும் கொண்டது. ஒட்டுவதற்கு முன் மூடியின் எண்ணெய்ப் பிசுக்கைத் துடைத்து உலர்த்த வேண்டும். நடுவில் அழுத்திக் கழற்றும் மூடியாயின் அழுத்தும் பிடிகளின் மேல் வட்டு ஏறக் கூடாது. பட்டை, குவிய வளையத்தின் சுழற்சியைத் தடுக்காத இடத்தில் அமைய வேண்டும். முக்காலியில் நிறுத்தி நீண்ட நேரம் ஒளியூட்டும்போது, காற்றில் ஆடும் மூடி கருவியை அதிரச்செய்து படத்தைக் கலக்கிவிடுமாதலால், அவ்வேளையில் கயிற்றைக் கழற்றிவிடுவதே முறை. கடற்கரையில் பயன்படுத்திய பின் கயிற்றில் சிக்கிய மணலையும் உப்பையும் நன்னீரில் அலசி, முழுதும் உலர்ந்த பிறகே மீண்டும் மாட்ட வேண்டும். ஏனெனில் ஈரம் தங்கும் துணியும் தோலும் லென்ஸின் பூஞ்சைக்கு இடம்தருவன.

பழைய கருவிகளைச் சேகரிப்போர் உடலையும் லென்ஸையும் போற்றி, மூடியையும் கயிற்றையும் உதிரியென்று ஒதுக்கிவிடுவது வருந்தத்தக்கது. ஒரு கருவி உண்மையில் எவ்வாறு இயக்கப்பட்டது என்பதற்கான சான்று அவற்றில்தான் எஞ்சியிருக்கிறது என்பதால், அருங்காட்சியகங்களும் பழைய ஸ்டுடியோக்களின் வாரிசுகளும் அவற்றைக் கருவியோடு சேர்த்தே பட்டியலிட்டுப் பாதுகாக்க வேண்டும்.