சாயவேரின் சுவடி

நிறங்களின் மந்திரத்தைச் சொல்லும் சுவடியை நாம் கற்பனையில் தேட வேண்டியதில்லை.

கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டைக்குக் கிழக்கே, கடலோரத்தில் உள்ளது பழவேற்காடு. 1613இல் டச்சுக்காரர் அங்கே கெல்டிரியா கோட்டையை எழுப்பியதன் பின்னணியில் இருந்தது துணி வணிகம். சோழமண்டலக் கரையின் வண்ணத்துணிகளைக் கொடுத்தே கிழக்குத் தீவுகளில் நறுமணப் பொருள்களை வாங்கினர்.

அத்துணிகளின் சிவப்பு வேதியியலின் விந்தை. படிகார நீருக்கு நிறமில்லை. அதைத் தீட்டிய இடம் மட்டும், சாயவேர் கொதிக்கும் கொப்பரையில் சுழன்றெழும்போது சிவந்து, துவைத்தாலும் நீங்காது நிற்கும்.

இவ்வித்தையைச் சாயக்காரர்களிடம் கேட்டறிந்து 1742இல் நீண்ட கடிதமாக எழுதியவர் பிரெஞ்சுப் பாதிரியார் கெர்தூ. ஐரோப்பா அதைப் படித்தது. எழுதியவர் பெயர் நிலைத்தது. கற்றுக்கொடுத்த கைகளின் பெயர்களை நாம் அறியோம். அவர்கள் விட்டுச்சென்ற கையெழுத்து, அருங்காட்சியகத் துணிகளில் இன்றும் வெளிறாத அந்தச் சிவப்பு மட்டுமே.